இணையதளம் கட்டுபவர்களுக்கு ஒரு மடல்: முதல் பதிலிலேயே எழுத்து வந்துவிடட்டும்

வணக்கம்.

இணையதளங்களை வடிவமைக்கிறவர்களுக்கும், அவற்றுக்கு நிரல் எழுதுகிறவர்களுக்கும், "எந்தெந்த போனில் ஓடினால் போதும்" என்று முடிவு செய்கிற மேலாளர்களுக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன். நான் பட்டன் போனில் இணையம் பார்க்கிறவன். பல வருடமாக அப்படித்தான். விருப்பப்பட்டு வைத்திருக்கிறேன். வேறு வழியில்லாமல் வைத்திருப்பவர்களும் உண்டு, அவர்களுக்கும் சேர்த்துத்தான் இந்த மடல்.

போன மாதம் ஒரு விண்ணப்பம் எந்த நிலையில் இருக்கிறது என்று பார்க்க வேண்டியிருந்தது. எந்த அலுவலகம் என்பது இங்கே தேவையில்லை, இதே கதை எங்கே போனாலும் நடக்கிறது. எண் விசைகளில் முகவரியை ஒவ்வோர் எழுத்தாக அழுத்தி உள்ளே போனேன். வெள்ளைத் திரை, நடுவில் சுற்றுகிற ஒரு வட்டம். ஒன்றரை நிமிடத்தில் அந்த வட்டமும் போய் வெறும் வெள்ளை மட்டும் நின்றது. மறுபடி போனேன். இந்த முறை "உங்கள் பிரவுசர் பழையது, புதுப்பித்துக்கொள்ளுங்கள்" என்று வந்தது. இந்த போனுக்குப் புதுப்பிப்பு என்று ஒன்று வருவதே இல்லை. கடைசியில் பக்கத்தில் இருந்தவரிடம் டச் போனைக் கேட்டு வாங்கி, அவர் பார்த்துக்கொண்டிருக்க என் விண்ணப்ப எண்ணையும் பிறந்த தேதியையும் அதில் அடித்தேன். வந்த பதில் மூன்று சொல்: "பரிசீலனையில் உள்ளது, காத்திருக்கவும்."

இந்த மூன்று சொல்லும், கணினிகள் தமிழ் எழுத்தைச் சேமிக்கும் யூனிகோடில், யூடிஎஃப்-8 முறையில், நூறு பைட் சொச்சம்தான் வரும். தமிழ் எழுத்துக் குறி ஒவ்வொன்றும் 3 பைட் எடுத்துக்கொண்டும் அவ்வளவுதான். அந்த நூறு பைட்டை என் போனால் காட்ட முடியும். தமிழ் எழுத்துரு மட்டும் இருந்தால் 20 வருடத்துக்கு முந்தைய போனாலும் காட்ட முடியும். அதைச் சுற்றி நீங்கள் கட்டியதைத்தான் என் போனால் தாண்ட முடியவில்லை.

என் போனைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். திரை 240க்கு 320 பிக்சல். நான்கு பக்கமும் நகர்த்த ஒரு விசை, நடுவில் சரி சொல்ல ஒரு விசை, மேலே இடமும் வலமும் இரண்டு விசை, கீழே எண்கள். உள்ளே ஓடுவது பட்டன் போன்களுக்கான இயங்குதளமான கைஓஎஸ் 2.5. மொசில்லா கைவிட்ட ஃபயர்பாக்ஸ் ஓஎஸ்ஸின் வழியில் வந்தது அது. அதன் பிரவுசருக்கு அடியில் இருப்பது 2016இல் வந்த ஃபயர்பாக்ஸ் 48இன் எஞ்சின், அதாவது பக்கத்தைப் படித்துத் திரையில் வரையும் பகுதி. அடுத்து வந்த கைஓஎஸ் 3.0இல் இந்த எஞ்சின் 84ஆம் பதிப்புக்குத் தாவிவிட்டது, ஆனால் அதை என் போனில் ஏற்ற எனக்கு வழியில்லை. இது போக, மேசை இழுப்பறையில், ஜாவாவில் எழுதிய சின்னச் செயலிகள் மட்டும் ஓடும் பழைய ஜாவா போன் ஒன்றும் இருக்கிறது. அதில் ஓபரா மினி என்ற பிரவுசர். அந்தக் கதையைப் பிறகு சொல்கிறேன்.

2016ஆம் வருட எஞ்சின் என்றதும் "அப்போ எங்களால் ஒன்றும் செய்ய முடியாது" என்று முடித்துவிடாதீர்கள். பக்கத்தின் எழுத்தையும் அமைப்பையும் எழுதும் எச்டிஎம்எல் அந்த எஞ்சினுக்கு நன்றாகத் தெரியும். அதை அடுக்கி அழகுபடுத்தும் சிஎஸ்எஸ்ஸில் முக்கால்வாசி தெரியும். இணைப்பைப் பூட்டிப் பாதுகாக்கும் டிஎல்எஸ் 1.2 தெரியும். ஒரு பத்தி எழுத்தையும் ஒரு படிவத்தையும் காட்ட இவை தாராளம்.

என்னை நிறுத்துவது வேறொன்று. எச்டிஎம்எல்லுக்கும் சிஎஸ்எஸ்ஸுக்கும் ஒரு நல்ல குணம் இருக்கிறது: தெரியாதது எதிரே வந்தால் அதை விட்டுவிட்டு மேலே போய்விடும். நீங்கள் சிஎஸ்எஸ் கிரிட் போட்டு அடுக்கியிருக்கலாம், அது ஃபயர்பாக்ஸுக்கு 2017இல், 52ஆம் பதிப்பில்தான் வந்தது, என் போனுக்குத் தெரியாது. பரவாயில்லை, பெட்டிகள் பக்கத்தில் பக்கத்தில் நிற்காமல் ஒன்றன்கீழ் ஒன்றாக விழும். 240 பிக்சல் திரைக்கு அதுதான் சரியும்கூட. பக்கத்துக்குள் ஓடும் நிரலை எழுதுகிற ஜாவாஸ்கிரிப்டிடம் இந்தக் குணம் கிடையாது. ஒரு கேள்விக்குறியையும் ஒரு புள்ளியையும் சேர்த்து எழுதுகிறீர்களே, இருந்தால் எடு, இல்லாவிட்டால் விடு என்று பொருள்படும் அந்தக் குறி, அது ஃபயர்பாக்ஸில் வந்தது 2020இல், 74ஆம் பதிப்பில். உங்கள் நிரல் முழுவதையும் ஒரே கோப்பாகக் கட்டி அனுப்பும்போது, அதில் ஓரிடத்தில் இந்த இரண்டு குறி இருந்தால் போதும், என் பிரவுசர் அந்தக் கோப்பு முழுவதையும் படிக்க மறுத்துவிடும். ஒரு வரியும் ஓடாது. பக்கத்தின் எழுத்தும் அந்த நிரல் வழியாகத்தான் வர வேண்டும் என்று வைத்திருந்தால் எழுத்தும் வராது. நான் பார்த்த வெள்ளைத் திரைக்கு இது ஒரு காரணமாக இருக்கலாம், வேறொன்றும் இருக்கலாம். வெளியிலிருந்து பார்க்கிற எனக்குத் தெரிவது ஒரே வெள்ளைதான்.

ஆகவே இந்த மடலில் நான் கேட்பது ஒன்றே ஒன்று, மற்றதெல்லாம் அதைச் சுற்றி வருவது. சர்வர் முதலில் அனுப்பும் எச்டிஎம்எல்லிலேயே, மனிதர் படிக்க வேண்டிய எழுத்து இருக்கட்டும். படிவம் என்றால், அதை அனுப்பும் பொத்தான் நிரல் இல்லாமலும் வேலை செய்யட்டும். அதற்கு மேல் நீங்கள் எவ்வளவு அலங்காரம் சேர்த்தாலும் எனக்கு ஆட்சேபம் இல்லை, என் போன் அதை விட்டுவிட்டுப் போய்க்கொள்ளும்.

இது புதிதாக யாரும் கண்டுபிடிக்க வேண்டிய விஷயம் இல்லை. நோக்கியா 7110 வந்தது 1999இல். 96க்கு 65 பிக்சல், கறுப்பும் வெளுப்பும், அதில் வாப் பிரவுசர் இருந்தது, சிறு போன்களுக்கென்று வந்த இணைய முறை அது. டபிள்யூஎம்எல் என்ற மொழியில் பக்கத்தைச் சீட்டுக்கட்டு மாதிரி எழுதி, ஒரு நேரத்தில் ஒரு சீட்டு காட்டுவார்கள். அதே வருடம் ஜப்பானில் ஐ-மோடு என்ற கைபேசி இணையச் சேவை தொடங்கியது, எச்டிஎம்எல்லையே சுருக்கி எடுத்துக்கொண்டார்கள். வாப் நன்றாக இருந்தது என்று சொல்லமாட்டேன். மெதுவாக இருந்தது, பார்க்க அதிகம் ஒன்றும் இல்லை, ஒவ்வொரு தளமும் தனியாக இன்னொரு முறை எழுதப்பட வேண்டியிருந்தது. ஆனால் அதை எழுதியவர்களுக்கு எதிரில் இருக்கும் திரை எவ்வளவு சிறியது என்பது மறக்கவே இல்லை.

அப்புறம் ஓபரா மினி வந்தது. 2005இல் நார்வேயில் சோதனையாகத் தொடங்கி, 2006 ஜனவரியில் உலகம் முழுவதற்கும் திறந்தார்கள். இது என்ன செய்தது என்றால், பக்கத்தை போன் நேராகப் போய் எடுக்காது. நடுவில் இருக்கும் ஓபராவின் சர்வர் எடுக்கும், அங்கேயே அதை அடுக்கி, படங்களைச் சுருக்கி, தனக்கென்று வைத்திருக்கும் ஒரு வடிவத்தில் போனுக்கு அனுப்பும். அளவு பத்தில் ஒரு பங்குவரை குறையும் என்றார்கள். போனுக்கு வேலை வரைவது மட்டும்தான். தமிழ்ப் பக்கங்களை முதன்முதலில் என் கையில் ஒழுங்காகக் காட்டியது அதுதான், அதற்கு நான் என்றைக்கும் நன்றி சொல்வேன். அதற்கு முன்னால் போனில் தமிழ் எழுத்துரு கிடையாது, வரிசையாகக் கட்டம் கட்டமாக வரும். எழுத்துரு இருந்தாலும் கொம்பு முன்னால் வராமல் பின்னால் நிற்கும், புள்ளி தனியாகத் தொங்கும், "கொடு" என்பது படிக்கவே முடியாத ஒன்றாகிவிடும். ஓபரா மினியில் முகவரிப் பட்டையில் கான்ஃபிக் பக்கத்தைத் திறந்து, சிக்கலான எழுத்துகளுக்குப் பட எழுத்துரு பயன்படுத்து என்ற இடத்தில் ஆம் என்று மாற்றினால், சர்வர் எழுத்துகளையே படங்களாக வரைந்து அனுப்பும். அன்றைக்கு ஒருவருக்கொருவர் சொல்லிக்கொடுத்துப் பரவிய வித்தை அது. இதைப் படிப்பவர்களில் சிலருக்கேனும் நினைவிருக்கும்.

2008இல் இணையத் தரங்களை வகுக்கும் டபிள்யூ3சி அமைப்பு கைபேசி இணையத்துக்கான நடைமுறைகளை வெளியிட்டது. எந்த போனையும் பற்றி ஒன்றுமே தெரியாவிட்டால் குறைந்தபட்சம் எதை எதிர்பார்க்கலாம் என்று அதில் ஓர் அளவு வைத்திருந்தார்கள்: அகலம் 120 பிக்சல், பக்கத்தின் மொத்த எடை 20 கிலோபைட், ஜாவாஸ்கிரிப்ட் இல்லை. இன்றைக்கு ஒரு சராசரிப் பக்கம் கைபேசியிலேயே 2 மெகாபைட்டைத் தாண்டிவிட்டது. அதாவது அந்த அளவைப்போல நூறு மடங்கு. 2ஜி காலத்து ஜிபிஆர்எஸ் இணைப்பில் நடைமுறையில் நொடிக்கு 40 கிலோபிட் கிடைக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள், அது 5 கிலோபைட். 20 கிலோபைட் பக்கம் 4 நொடியில் வந்துவிடும். 2 மெகாபைட் பக்கத்துக்குக் கிட்டத்தட்ட 7 நிமிடம். அதுவும் நடுவில் ஒரு முறைகூட இணைப்பு அறுந்துபோகாமல் இருந்தால்.

இந்த நூறு மடங்கில் படிக்க வேண்டிய எழுத்து நூறு மடங்கு ஏறவில்லை. ஒரு அறிவிப்பு அன்றைக்கும் நாலு பத்திதான், இன்றைக்கும் நாலு பத்திதான்.

"ஓபரா மினி மாதிரி நடுவில் ஒரு சர்வர் வைத்துச் சுருக்கிக்கொள்ளலாமே, எங்களை ஏன் கேட்கிறாய்" என்று கேட்கலாம். இரண்டு காரணம். முதலாவது, நடுவில் இருப்பவர் பக்கத்தைத் திறந்து பார்த்தால்தான் சுருக்க முடியும். நான் அடிக்கும் கடவுச்சொல்லும் அந்த சர்வர் வழியாகத்தான் போகும். செய்தி படிக்க அது போதும், வங்கிக் கணக்குக்கும் மருத்துவ அறிக்கைக்கும் நான் அதை நம்பச் சொல்லமாட்டேன். தவிர, உங்கள் நிரல் அங்கே கொஞ்ச நேரம்தான் ஓடும், பிறகு ஒவ்வொரு அழுத்தத்துக்கும் சர்வருக்குப் போய்த் திரும்பி வர வேண்டும், பாதிப் படிவங்கள் அதிலேயே செத்துவிடும். இரண்டாவது, நடுவில் இருப்பவர் என்றைக்கு வேண்டுமானாலும் கடையை மூடலாம். போல்ட் என்று ஒரு பிரவுசர் இதே முறையில் இருந்தது, 2011இல் நின்றது. கனமான பக்கங்களைச் சுருக்கிக் காட்டிய கூகுள் வெப் லைட் 2022இல் நின்றது. ஜிமெயிலின் எளிய எச்டிஎம்எல் வடிவம் 2024 தொடக்கத்தோடு முடிந்தது. சர்வர் நின்ற அன்றைக்கு போனில் ஒரு குறையும் வந்திருக்காது, ஆனாலும் அது பயன்படாது. பக்கமே எடை குறைவாக இருந்துவிட்டால் நடுவில் யாரும் தேவையில்லை.

பாதுகாப்பைப் பற்றியும் பேசிவிட வேண்டும், ஏனென்றால் நிரலாளர்கள் முதலில் எழுப்பும் கேள்வி அதுதான். டிஎல்எஸ் 1.0, 1.1 இரண்டையும் 2021இல் முறைப்படி ஓய்வு கொடுத்து அனுப்பிவிட்டார்கள். சரியான முடிவு. என் ஜாவா போனால் அதற்குப் பிறகு பெரும்பாலான தளங்களுக்கு நேராகப் பேச முடியவில்லை, அதற்காக உங்கள் பூட்டைத் தளர்த்துங்கள் என்று கேட்கமாட்டேன். ஆனால் டிஎல்எஸ் 1.2 இன்னும் ஓய்வு பெறவில்லை. ஒழுங்காக அமைத்தால் அது பாதுகாப்பானதுதான். 1.3 மட்டும் போதும் என்று சர்வரைப் பூட்டுகிறவர்கள், ஒழுங்காகப் பேசத் தெரிந்த போன்களையும் வாசலிலேயே திருப்பி அனுப்புகிறார்கள். அப்புறம், தளம் உண்மையானதுதான் என்று பிரவுசருக்குக் காட்டும் சான்றிதழ். 2021 செப்டம்பர் 30 அன்று இலவசமாகச் சான்றிதழ் தரும் லெட்ஸ் என்க்ரிப்ட் சார்ந்திருந்த பழைய மூலச் சான்றிதழ் ஒன்று காலாவதியானது, முதல் நாள்வரை திறந்த தளங்கள் மறுநாள் பழைய சாதனங்கள் பலவற்றில் திறக்கவில்லை. இதையெல்லாம் கவனித்துப் பார்த்து ஒரு சர்வரை அமைக்க உங்களுக்கு ஒரு மதியம் ஆகும்.

சரி, பக்கம் வந்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். அடுத்த பாடு, அதில் நகர்வது.

எனக்குத் தொடுதிரை இல்லை. கீழே அழுத்தினால் அடுத்த லிங்க், மேலே அழுத்தினால் முந்தைய லிங்க். நான் இப்போது எதன் மேல் நிற்கிறேன் என்பதை அதைச் சுற்றி வரும் கோடுதான் சொல்லும். அந்தக் கோடு அழகைக் கெடுக்கிறது என்று சிஎஸ்எஸ்ஸில் ஒரே வரி எழுதி எடுத்துவிடுகிறார்கள். எடுத்துவிட்டால் நான் இருட்டறையில் நடக்கிற மாதிரி. எந்த லிங்க்கைத் திறக்கப்போகிறேன் என்று தெரியாமலே நடு விசையை அழுத்த வேண்டியிருக்கிறது. அதைவிட மோசம், பொத்தானைப் பொத்தானாக எழுதாமல் வெறும் பெட்டியாக எழுதி, தொட்டால் வேலை செய்யும்படி நிரல் ஒட்டிவைப்பது. என் விசை அதன்மேல் போய் நிற்கவே நிற்காது, தாண்டிப் போய்விடும். கைஓஎஸ்ஸில் சுட்டி ஒன்று இருக்கிறது, நான்கு திசை விசையால் அதைத் தள்ளிக்கொண்டே போகலாம். ஒரு நீளமான பக்கத்தின் அடிவரை அதைத் தள்ளிக்கொண்டு போய்ப் பாருங்கள், கட்டை விரல் வலி எடுத்துவிடும்.

இதே கோடும் இதே உண்மையான பொத்தானும்தான் பார்வையற்றவர்களின் திரைவாசிப்பு மென்பொருளுக்கும், கை நடுக்கத்தால் மவுஸைப் பிடிக்க முடியாமல் விசைப்பலகையில் மட்டும் வேலை செய்பவர்களுக்கும் வேண்டும். அவர்களுக்காகச் செய்யுங்கள், அதில் நாங்களும் வந்துவிடுவோம்.

அடுத்து குக்கீ அனுமதிப் பெட்டி. 320 பிக்சல் உயரத்தில் மேலே போனின் பட்டை, கீழே விசைகளின் பெயர் போட்ட பட்டை. மிச்சம் இருக்கும் இடத்தில் உங்கள் தளத்தின் தலைப்பு ஒட்டிக்கொண்டு நகராமல் நிற்கிறது, கீழிருந்து குக்கீ பெட்டி எழும்புகிறது, அதற்கு மேலே "எங்கள் ஆப்பை இறக்கிக்கொள்ளுங்கள்" என்று இன்னொரு பட்டை. செய்திக்கு இரண்டு வரி இடம் மிஞ்சும், சில சமயம் அதுவும் இல்லை. பல தளங்களில் அனுமதிப் பொத்தான் திரைக்குக் கீழே போய்விடுகிறது, பின்னணியை நகராதபடி பூட்டியும் விடுகிறார்கள். ஒப்புக்கொள்ளவும் முடியாது, மறுக்கவும் முடியாது, வெளியே போவதுதான் மிச்சம். நகராமல் ஒட்டிக்கொள்கிற எதையும் சிறிய திரையில் ஒட்டாமல் விட ஒரு நாலு வரி சிஎஸ்எஸ் போதும், தயவுசெய்து அதை எழுதுங்கள்.

தட்டச்சு பற்றி நான் சொல்லித்தான் தெரிய வேண்டும் என்பதில்லை, உங்களில் பலர் இதே விசைகளில் வளர்ந்தவர்கள். ஆங்கில "சி" அடிக்க 2ஐ மூன்று முறை. பெரிய எழுத்து, சின்ன எழுத்து, எண், ஒரு சிறப்புக் குறி எல்லாம் கலந்த கடவுச்சொல்லை அடிக்க எனக்கு ஒரு நிமிடம் ஆகும், அடிப்பது புள்ளியாக மறைந்துகொண்டே போவதால் தவறு எங்கே என்றும் தெரியாது. "கடவுச்சொல்லைக் காட்டு" என்று ஒரு பொத்தான் வைத்தால் பெரிய உதவி. எண் மட்டும் கேட்கும் பெட்டிக்கு வகையைத் தொலைபேசி எண் என்று குறித்துவிட்டால் போன் தானாக எண் முறைக்கு மாறிவிடும், எச்டிஎம்எல்லில் ஒரே சொல் மாற்றம்.

ஓடிபிதான் எல்லாவற்றையும்விடக் கொடுமை. படிவத்தை நிரப்பி முடித்து, எண் வந்ததும், அதைப் பார்க்கக் குறுஞ்செய்திக்குப் போக வேண்டும். போனில் நினைவகம் குறைவு. நான் குறுஞ்செய்தியைத் திறந்த நேரத்தில் பிரவுசர் பக்கத்தைத் தூக்கி எறிந்துவிடும். எண்ணை மனப்பாடம் செய்துகொண்டு திரும்பி வந்தால் பக்கம் முதலிலிருந்து லோடு ஆகிறது, நிரப்பியது எல்லாம் போய்விட்டது, அந்த எண்ணுக்குக் கொடுத்த நேரமும் முடிந்துவிட்டது. என் அம்மா ஒருமுறை இப்படி நாலு முறை முயன்று, ஐந்தாவது முறை "அதிக முயற்சிகள், நாளை வாருங்கள்" என்ற பதிலைப் பார்த்துவிட்டு போனை மூடி வைத்தார். தன்மேல்தான் தவறு என்று நினைத்துக்கொண்டார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. நேரத்தைக் கொஞ்சம் நீட்டிக் கொடுங்கள். ஓடிபி கேட்கும் பக்கத்துக்குத் தனி முகவரி வைத்து, நிரப்பிய விவரங்களை சர்வரிலேயே வைத்திருங்கள், திரும்பி வருபவர் விட்ட இடத்திலிருந்து தொடரட்டும்.

படங்களைப் பற்றிச் சுருக்கமாக. வெப்பி என்ற பட வடிவம் எடை குறைவு, நல்லதுதான், ஆனால் ஃபயர்பாக்ஸ் அதைப் படிக்கக் கற்றுக்கொண்டது 2019இல், 65ஆம் பதிப்பில். என் போனில் அது வெறும் கட்டம். மாற்றாக ஒரு ஜேபெக் வைக்க எச்டிஎம்எல்லிலேயே வழி இருக்கிறது. படத்துக்குப் பதில் சொல்லும் எழுத்தையும் எழுதிவையுங்கள், படம் வராவிட்டாலும் அங்கே என்ன இருந்தது என்று தெரியும். தமிழுக்கென்று தனி எழுத்துரு அனுப்புவதை விட்டுவிடுங்கள், இன்றைக்குப் பெரும்பாலான போன்களில் தமிழ் இருக்கிறது.

இன்னொன்று, பிடிஎஃப். நாலு வரி அறிவிப்பை அச்சடித்து, கையெழுத்துப் போட்டு, ஸ்கேன் செய்து, பிடிஎஃப் ஆக்கி, அதற்கு ஒரு லிங்க் மட்டும் பக்கத்தில் வைக்கிறார்கள். என் போனில் பிடிஎஃப் திறக்காது. திறக்கிற போனிலும் 240 பிக்சலில் ஒரு முழுத் தாளை எப்படிப் படிப்பது? கையெழுத்துள்ள பிரதி வேண்டும் என்றால் இருக்கட்டும், அந்த நாலு வரியை லிங்க்குக்கு மேலே எழுத்தாகவும் போட்டுவிடுங்கள்.

இப்போது மேலாளர்களிடம் தனியாக ஒரு வார்த்தை. "எங்கள் புள்ளிவிவரத்தில் பட்டன் போன் ஆட்களே இல்லையே" என்று சொல்வீர்கள். அந்தப் புள்ளிவிவரத்தை எடுப்பது எது என்று உங்கள் நிரலாளரிடம் கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் அதுவும் ஒரு ஜாவாஸ்கிரிப்ட்தான். உங்கள் நிரல் ஓடாத போனில், ஆட்களை எண்ணுகிற அந்த நிரலும் ஓடாது. வெள்ளைத் திரையைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனவர் உங்கள் கணக்கில் வந்ததாகவே பதிவாகவில்லை. வந்தவர்கள் இல்லை என்று நீங்கள் முடிவு செய்கிறீர்கள், அதனால் இன்னும் கொஞ்சம் கனமான நிரல் சேர்க்கிறீர்கள், இன்னும் சிலர் கணக்கிலிருந்து மறைகிறார்கள். சர்வரின் பதிவேட்டைப் பாருங்கள், கேட்டவர்கள் எல்லோரும் அங்கே இருப்பார்கள்.

இதை ஒழுங்காக எண்ணிப் பார்த்தவர்கள் உண்டு. பிரிட்டன் அரசின் டிஜிட்டல் சேவைக் குழு 2013இல் தங்கள் தளத்தில் அளந்தார்கள். ஜாவாஸ்கிரிப்ட் கிடைக்காமல் போனவர்கள் 1.1 சதவீதம். அதில் 0.2 சதவீதம் பேர்தான் அதை அணைத்து வைத்தவர்கள் அல்லது அது இல்லாதவர்கள். மீதி 0.9 சதவீதத்தின் பிரவுசரில் அது ஓடியிருக்க வேண்டும், ஆனால் ஓடவில்லை. இணைப்பு பாதியில் அறுந்தது, நடுவில் ஏதோ தடுத்தது, இப்படிப் பல காரணம். அதாவது நான் கேட்பதைச் செய்தால் பயன் பெறுபவர்களில் புது டச் போன் வைத்திருப்பவர்களும் அடக்கம், அவர்களும் சுரங்கப்பாதையில் போகும்போது என்னைப் போலத்தான்.

2017 செப்டம்பரில் இர்மா புயல் ஃப்ளோரிடாவை நெருங்கியபோது, அமெரிக்கச் செய்தி நிறுவனங்களான சிஎன்என், என்பிஆர் இரண்டும் தங்கள் எழுத்து மட்டும் உள்ள பக்கங்களைப் பார்க்கும்படி மக்களுக்குச் சொன்னார்கள். கோபுரங்கள் விழுகிற நேரத்தில், பேட்டரி தீர்ந்துகொண்டிருக்கிற நேரத்தில், கையில் எவ்வளவு விலை உயர்ந்த போன் இருந்தாலும் அது பட்டன் போன் அளவுக்குத்தான் இணையம் பார்க்க முடியும். என்பிஆர் அந்த எளிய பக்கத்தைப் பல வருடம் முன்பே வைத்திருந்தது, அதனால் புயல் அன்றைக்குப் புதிதாக எதையும் கட்ட வேண்டியிருக்கவில்லை.

"எங்களுக்கென்று தனியாக ஒரு சின்னத் தளம் வேண்டும்" என்று நான் கேட்கிறேனோ என்று நினைக்க வேண்டாம். சில இடங்களில் அது உதவும். ஆனால் அனுபவத்தில் பார்த்தது, தனித் தளம் என்றால் ஒரு வருடத்தில் அதை யாரும் கவனிக்கமாட்டார்கள். பெரிய தளத்தில் தேதி மாறியிருக்கும், சின்னதில் பழைய தேதியே நிற்கும். பழைய தேதியைக் காட்டும் பக்கம், காட்டாத பக்கத்தைவிட ஆபத்து. ஒரே தளமாக இருக்கட்டும். அடியில் எழுத்தும் படிவமும், அதற்கு மேல் உங்கள் அலங்காரம். தேதியை ஓர் இடத்தில் மாற்றினால் எல்லோருக்கும் மாறும்.

"புது போன் வாங்கிக்கொள்ளேன்" என்ற பதிலும் வரும். என் அம்மாவுக்குத் தொடுதிரையில் விரல் நிற்காது, வேண்டாத இடத்தில் பட்டு யாருக்கோ அழைப்பு போய்விடும். விசைகளைப் பார்க்காமலே அவருக்கு இடம் தெரியும். எனக்கு வாரத்துக்கு இரண்டு முறை சார்ஜ் போட்டால் போதும், கீழே விழுந்தால் கண்ணாடி உடையாது, வேலை நேரத்தில் என் கவனத்தை அது இழுக்காது. இன்னொருவருக்குக் காசில்லை. யாருக்கு என்ன காரணம் என்று விசாரித்த பிறகுதான் மூன்று சொல் பதிலைக் கொடுப்போம் என்று இருக்கக் கூடாது.

இவ்வளவையும் நம்ப வேண்டியதில்லை, நீங்களே பாருங்கள். உங்கள் கணினியில் ஃபயர்பாக்ஸைத் திறந்து, ஜாவாஸ்கிரிப்ட்டை அணைத்துவிடுங்கள். திரை அகலத்தை 240 ஆக்குங்கள். டெவலப்பர் கருவியில் இணைப்பின் வேகத்தைக் குறைக்கும் இடத்தில் ஜிபிஆர்எஸ் என்றே ஒரு தேர்வு இருக்கிறது, அதைப் போடுங்கள். மவுஸைக் கழற்றி வையுங்கள். இப்போது டேப் விசையும் என்டர் விசையும் மட்டும் வைத்துக்கொண்டு, உங்கள் தளத்துக்கு ஒருவர் எதற்காக வருவாரோ அந்த ஒரு வேலையை முடியுங்கள். முதல் பக்கத்தின் அழகு எனக்கு வேண்டாம், அந்த ஒரு வேலை போதும். எங்கே மாட்டுகிறீர்களோ அங்கேதான் நாங்களும் மாட்டுகிறோம். முதல் எச்டிஎம்எல் 50 கிலோபைட்டுக்குள் இருந்தால் அந்த வேகத்தில் பத்து நொடியில் எழுத்து வந்துவிடும். பத்து நொடி நாங்கள் காத்திருப்போம், பழகியதுதான்.

இதைச் செய்துவிட்டு நிஜ போனில் பார்க்க ஆள் வேண்டும் என்றால் நான் இருக்கிறேன். உங்கள் பக்கத்தின் முகவரியை இந்த மடலுக்குப் பதிலாக எழுதுங்கள். கைஓஎஸ் போனிலும் இழுப்பறையில் இருக்கும் ஜாவா போனிலும் திறந்து பார்த்து, எத்தனை நொடி ஆனது, எந்த விசையில் நின்றது, எந்தப் பொத்தான் கண்ணில் படவில்லை என்று ஒவ்வொன்றாக எழுதி அனுப்புகிறேன். காசு எதுவும் வேண்டாம். அந்த விண்ணப்பத் தளத்தைக் கட்டியவர் இதைப் படித்தால் அவரும் எழுதலாம், என் விண்ணப்பம் இன்னும் பரிசீலனையில்தான் இருக்கிறது, எப்படியும் நான் மறுபடி அங்கே வர வேண்டும்.

இப்படிக்கு,
பட்டன் போனில் படிக்கும் ஒரு வாசகன்